மினியாப்பொலிஸ் ஆற்றங்கரை மாவாலை வட்டாரம்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

மாவாலை வட்டாரம் என்று எதைச் சொல்கிறார்கள்?

அமெரிக்காவின் மின்னசோட்டா மாநிலத்தில், மினியாப்பொலிஸ் நகரின் மையப் பகுதியை ஒட்டி, மிசிசிப்பி ஆற்றின் இரு கரைகளிலும் பரந்திருக்கும் பழைய ஆலைப் பகுதியே இது. நடுவில் செயின்ட் அந்தோனி அருவி இருக்கிறது. மேற்குக் கரையில் வாஷ்பர்ன் குழும ஆலைகளின் சுவர்களும், கிழக்குக் கரையில் பில்ஸ்பரி நிறுவனத்தின் பேராலையும், இரண்டையும் இணைத்து ஆற்றின் மேல் வளைந்து செல்லும் கல்வளைவுப் பாலமும் இதன் முக்கிய அடையாளங்கள். அருவியைச் சுற்றியுள்ள இந்தப் பகுதி முழுவதும் 1971-இல் தேசிய வரலாற்று இடங்களின் பதிவேட்டில் சேர்க்கப்பட்டது. உள்ளூர்க்காரர்கள் இன்று ‘மில் டிஸ்ட்ரிக்ட்’ என்று சொல்லும்போது பெரும்பாலும் மேற்குக் கரையை மட்டுமே குறிக்கிறார்கள். வரலாற்றைப் பேசும்போது இரு கரைகளையும் சேர்த்தே பேச வேண்டும்.

ஆலைகள் ஏன் இந்த இடத்தில் குவிந்தன?

மேல் மிசிசிப்பியில் பெரிய இயற்கை அருவி என்று சொல்லத்தக்கது இது ஒன்றுதான். அருவி தோன்றியதற்கும், பிற்பாடு அது அழிவின் விளிம்புக்குப் போனதற்கும் காரணம் ஒரே பாறை அமைப்பு. மேலே கடினமான சுண்ணாம்புக்கல் ஒரு பலகையைப் போலப் படர்ந்திருக்க, அதன் அடியில் கையால் சுரண்டினாலே உதிரக்கூடிய மணற்கல் இருக்கிறது. விழும் நீர் அடியிலுள்ள மணற்கல்லை அரித்துவிடும். தாங்குவதற்கு ஒன்றுமில்லாத சுண்ணாம்புக்கல் விளிம்பு உடைந்து விழும். அருவி சில அடி பின்வாங்கும். ஏறத்தாழ 12,000 ஆண்டுகளுக்கு முன் இன்றைய செயின்ட் பால் நகரப் பகுதியில் இருந்த அருவி, இப்படிப் பின்வாங்கிப் பின்வாங்கியே இப்போதைய இடத்துக்கு வந்து சேர்ந்தது. நிறைய நீர், குறுகிய தூரத்துக்குள் பெரும் இறக்கம், கட்டடம் எழுப்ப அருகிலேயே கல், மேற்கே கோதுமை விளையும் சமவெளி ஆகிய நான்கும் ஒரே இடத்தில் கிடைத்தால் ஆலைக்காரர்கள் வேறிடம் தேடுவார்களா?

ஆலைகளுக்கு முன்பு இங்கே யார் இருந்தார்கள்?

இது டகோட்டா என்ற பூர்வகுடி மக்களின் நிலம். அருவியை அவர்கள் ‘ஓவாம்னியோம்னி’ என்று அழைத்தார்கள்; சுழன்று கொந்தளிக்கும் நீர் என்பது அதன் பொருள். அருவிக்குச் சற்றுக் கீழே இருந்த ஆவித்தீவு என்ற சிறு பாறைத்தீவு அவர்களுக்குப் புனிதமானது. 1680-இல் இங்கு வந்த லூயி ஹென்னப்பின் என்ற கத்தோலிக்கத் துறவி, தமது விருப்பத்துக்குரிய பதுவைப் புனித அந்தோனியாரின் பெயரை அருவிக்குச் சூட்டினார். 1805-இல் செபுலன் பைக் என்ற படை அதிகாரி டகோட்டாத் தலைவர்கள் இருவரிடம் கையொப்பம் பெற்ற உடன்படிக்கையின் வழியாக, அருவியை உள்ளடக்கிய நிலப்பகுதியை அமெரிக்க அரசு இராணுவத் தேவைக்காக எடுத்துக்கொண்டது. ஸ்னெல்லிங் கோட்டையின் படைவீரர்கள் மேற்குக் கரையில் 1821-இல் மரம் அறுக்கும் ஆலையையும், அடுத்த ஓரிரு ஆண்டுகளில் மாவரைக்கும் ஆலையையும் நிறுவினார்கள். இந்த அருவியின் விசையில் சுழன்ற முதல் இயந்திரங்கள் அவைதாம்.

ஒரே அருவிக்கு இரண்டு ஊர்கள் இருந்தனவாமே?

ஆம். கிழக்குக் கரை நிலம் 1837-ஆம் ஆண்டு உடன்படிக்கைகளுக்குப் பிறகு குடியேற்றத்துக்குத் திறக்கப்பட்டது. அந்தச் செய்தி வந்த கையோடு, 1838-இல் பிராங்க்ளின் ஸ்டீல் என்பவர் அருவியை ஒட்டிய இடத்தைத் தமதாக்கிக்கொண்டார். பத்தாண்டுகள் கழித்து அங்கே அவருடைய அணையும் மரம் அறுக்கும் ஆலையும் எழுந்தன. அதைச் சுற்றி செயின்ட் அந்தோனி என்ற ஊர் வளர்ந்தது. மேற்குக் கரையோ 1850-களின் தொடக்கம் வரை இராணுவக் கட்டுப்பாட்டிலேயே இருந்ததால், அங்கே மினியாப்பொலிஸ் சற்றுத் தாமதமாகவே உருவானது. 1855-இல் இரு கரைகளையும் இணைத்துக் கட்டப்பட்ட தொங்கு பாலம்தான் மிசிசிப்பி ஆற்றின் குறுக்கே எழுந்த முதல் நிரந்தரப் பாலம். 1856-இல் கரைக்கு ஒன்றாக இரண்டு நீர்விசை நிறுவனங்கள் உரிமம் பெற்றன. தாமதமாகத் தொடங்கிய மேற்குக் கரையே விரைவில் முந்திக்கொண்டது; 1872-இல் இரண்டு ஊர்களும் மினியாப்பொலிஸ் என்ற ஒரே பெயரில் இணைந்தன.

ஆற்று நீர் ஆலைகளுக்குள் எப்படிச் சென்றது?

ஆலைகள் அருவியின் மேலேயே கட்டப்பட்டிருந்தன என்று பலர் நினைத்துக்கொள்கிறார்கள். மேற்குக் கரையில் நடந்தது வேறு. அருவிக்கு மேலே ஆற்றிலிருந்து ஒரு கால்வாய் வெட்டி, கரைக்கு இணையாகத் தெருவின் அடியில் நீரைக் கொண்டுவந்தார்கள். கால்வாயின் இருபுறமும் இருந்த ஒவ்வோர் ஆலைக்கும் அதிலிருந்து ஒரு கிளை பிரியும். ஆலைக்கு அடியில் வெட்டப்பட்ட ஆழமான குழிக்குள் நீர் விழுந்து டர்பைனைச் சுழற்றும். பிறகு அது வடிகால் சுரங்கத்தின் வழியாக அருவிக்குக் கீழே மீண்டும் ஆற்றில் கலக்கும். டர்பைனின் நெடிய தண்டிலிருந்து பட்டைகளும் பற்சக்கரங்களும் மேல்தளங்கள் வரை விசையைக் கொண்டுசென்றன.

கால்வாயை வைத்திருந்த மினியாப்பொலிஸ் மில் நிறுவனம், பெயரில்தான் மில். அதன் தொழில் நீரை விற்பது. இவ்வளவு நீர், இவ்வளவு இறக்கம் என்று அளந்து ஆலைகளுக்குக் குத்தகைக்கு விட்டது. ஆற்றில் நீர் குறைந்த ஆண்டுகளில் யாருக்கு எவ்வளவு என்ற சச்சரவு எழுந்தது. வாய்க்கால் பாசனமுள்ள ஊர்களில் வளர்ந்த நம்மவர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை.

1869-இல் அருவி இடிந்து போனது என்பது உண்மையா?

பெருமளவுக்கு உண்மை. இந்த வட்டாரத்தின் வரலாற்றில் இதைவிடப் பெரிய நிகழ்வு இல்லை என்பது என் கருத்து.

அருவிக்கு மேலே நிக்கலட் தீவு என்றொரு தீவு உண்டு. அதன் உரிமையாளர்களில் ஒருவரான வில்லியம் ஈஸ்ட்மனும் அவருடைய கூட்டாளிகளும் அங்கே ஆலைகள் அமைக்க விரும்பினார்கள். அருவிக்கு மேலே இருப்பதால் நீர் விழுந்து வடிவதற்கு அங்கே பள்ளம் இல்லை. ஆகவே, அருவிக்குக் கீழேயிருந்து ஆற்றுப்படுகையின் அடியில், ஹென்னப்பின் தீவைக் கடந்து, நிக்கலட் தீவு வரை ஒரு வடிகால் சுரங்கத்தைத் தோண்டத் தொடங்கினார்கள். தோண்டியது சுண்ணாம்புக்கல்லுக்கு அடியிலிருந்த அந்த மென்மணற்கல்லில். வேலை சுலபமாகத்தான் இருந்தது. 1869 அக்டோபர் 5 அன்று ஆறு சுரங்கத்துக்குள் புகுந்தது. புகுந்த நீர் மணற்கல்லை அரித்துச் சுரங்கத்தை அகலமாக்க, மேலிருந்த சுண்ணாம்புக்கல் தளம் துண்டு துண்டாக உள்ளே விழுந்தது. ஊர் மக்கள் திரண்டு வந்து மரக்கட்டைகள், மண், பாறை என்று கிடைத்ததையெல்லாம் ஓட்டைக்குள் தள்ளினார்கள். ஒரு வாயை அடைத்தால் ஆறு வேறு வாயைத் திறந்தது.

ஆபத்தின் அளவைப் புரிந்துகொள்ள ஒன்றை அறிய வேண்டும்: சுண்ணாம்புக்கல் பலகை அருவிக்கு மேலே சற்றுத் தொலைவிலேயே முடிந்துவிடுகிறது. அந்த முனையைத் தாண்டி அருவி பின்வாங்கியிருந்தால், அது சரிவான வெறும் நீரோட்டமாகியிருக்கும். ஆலைகளுக்கான விசையும் அத்தோடு போயிருக்கும். உள்ளூர்ப் பணத்தால் சமாளிக்க முடியாத நிலையில், மத்திய அரசின் இராணுவப் பொறியாளர் படை பொறுப்பேற்றது. 1870-களின் நடுவில் அவர்கள் ஆற்றின் குறுக்கே, சுண்ணாம்புக்கல்லுக்கு அடியில், மணற்கல்லுக்குள் சுமார் 40 அடி ஆழத்துக்கு, 1,800 அடிக்கும் மேற்பட்ட நீளத்தில் ஒரு கான்கிரீட் தடுப்புச்சுவரை எழுப்பினார்கள். அருவியின் முகப்பு மேலும் அரிக்கப்படாதிருக்க மரத்தாலான ஒரு சரிவு மேடையும் 1880-ஐ ஒட்டி முடிக்கப்பட்டது. பழைய கட்டடங்களைக் காப்பாற்றும் எண்ணம் யாருக்கும் வருவதற்கு நூறு ஆண்டுகளுக்கு முன்பே இந்த வட்டாரத்தில் முதலில் பாதுகாக்கப்பட்டது அருவிதான். அதுவும் அழகுக்காக அல்ல, ஆலைகளின் பிழைப்புக்காக.

அப்படியென்றால் இன்று நாம் பார்ப்பது இயற்கை அருவி இல்லையா?

இல்லை. மரமேடை இருந்த இடத்தில் 20-ஆம் நூற்றாண்டின் நடுவில் கான்கிரீட் சரிவு வந்தது. அதன் மேல் வழுக்கிவரும் நீரைத்தான் அருவி என்று படமெடுக்கிறோம். இளவேனிலில் பனி உருகி வெள்ளம் வரும்போது அது மிகக் கம்பீரமாகவே இருக்கும்.

மாவுக்கு உலகத் தலைநகர் என்று பெயர் வரக் காரணம் என்ன?

அளவு மட்டுமன்று, அரைக்கும் முறையும் காரணம். மின்னசோட்டாவின் கடுங்குளிரில் இலையுதிர்காலத்தில் விதைக்கும் கோதுமை தாங்காது; ஆகவே உழவர்கள் இளவேனிலில் விதைக்கும் கடினமான கோதுமையைப் பயிரிட்டார்கள். அதில் புரதச்சத்து அதிகம். ரொட்டி நன்றாக உப்பி வரும். ஆனால் அதன் தோல் எளிதில் நொறுங்கும். அக்கால வழக்கப்படி இரண்டு அரவைக்கற்களை நெருக்கி வைத்து, வேகமாக ஒரே முறையில் அரைத்தபோது, தவிடு தூளாகி மாவோடு கலந்தது; கற்களின் சூடும் மாவைக் கெடுத்தது. மங்கலாகவும் புள்ளி புள்ளியாகவும் இருந்த அந்த மாவுக்குச் சந்தையில் குறைந்த விலைதான் கிடைத்தது.

மாற்றம் 1870-ஐ ஒட்டித் தொடங்கியது. வாஷ்பர்ன் ஆலையை நடத்திவந்த ஜார்ஜ் கிறிஸ்டியன், பிரான்சிலிருந்து வந்த எட்மண்ட் லாக்ராய் என்ற பொறிவினைஞரைக் கொண்டு ஒரு கருவியை அமைத்தார். முதலில் கோதுமையை மெதுவாக உடைத்து, ரவை போன்ற குருணையைப் பிரித்தெடுக்க வேண்டும்; பிறகு அந்தக் குருணையை அசையும் சல்லடைகளின் மேல் ஓடவிட்டு, கீழிருந்து காற்றை ஊத வேண்டும். இலேசான தவிடு பறந்துவிட, கனமான குருணை தங்கும். அதை மறுபடி அரைத்தால் வெண்மையான, வலுவான மாவு கிடைக்கும். முன்பு மலிவாகப் போன இளவேனிற் கோதுமை மாவு, சில ஆண்டுகளிலேயே அமெரிக்கச் சந்தையில் உயர்ந்த விலைக்கு விற்கத் தொடங்கியது.

அடுத்தது உருளைகள். அப்போது மாவுத் தொழிலில் உலகில் முன்னணியில் இருந்த ஊர் புடாபெஸ்ட். அங்கே கற்களுக்குப் பதிலாக உருளை ஜோடிகளுக்கு இடையே கோதுமையைப் படிப்படியாக உடைத்து அரைத்தார்கள். வியன்னாவில் பிறந்த பொறியாளர் வில்லியம் டி லா பார், ஆலை முதலாளி வாஷ்பர்னுக்காக ஐரோப்பா சென்று அந்த முறையை ஆராய்ந்து வந்தார். வேலையாள் வேடத்தில் ஆலைக்குள் நுழைந்து பார்த்தார் என்று ஒரு கதை வழங்குகிறது, நல்ல கதைதான். அவர் அமைத்த உருளை ஆலை முறையும் அதைப் பின்பற்றிய போட்டியாளர்களும் சேர்ந்து, 1880 முதல் 1930 வரை மினியாப்பொலிஸை மாவுத் தொழிலின் முதலிடத்தில் வைத்திருந்தார்கள். 1880-இல் சின்சினாட்டியில் நடந்த ஆலையாளர் கண்காட்சியில் வாஷ்பர்ன் நிறுவனத்தின் மாவு தங்கப் பதக்கம் பெற்றது. ‘கோல்ட் மெடல்’ என்ற வணிகப்பெயர் அதிலிருந்து வந்ததே. நம் ஊர்களில் ‘ரோலர் ஃப்ளவர் மில்’ என்ற பெயர்ப்பலகையோடு மைதாவும் ரவையும் தயாரிக்கும் ஆலைகள் இன்றும் செய்வது, அடிப்படையில் இதே படிப்படியான உடைப்பும் சலிப்பும்தான்.

இந்த மாற்றத்தில் ஓர் இழப்பும் உண்டு. தவிட்டோடு கோதுமையின் முளையும் சத்தும் வெளியேறின. வெண்மையை உயர்வு என்று உலகுக்குப் பழக்கியதில் இந்த ஊருக்கும் பங்கு இருக்கிறது.

1878-ஆம் ஆண்டு வெடிவிபத்தில் என்ன நடந்தது?

விஸ்கான்சின் மாநிலத்தின் ஆளுநராகவும் இருந்த காட்வலாடர் வாஷ்பர்ன், 1874-இல் ஏழரை மாடி உயரத்தில் ‘ஏ’ ஆலையைக் கட்டினார். 1878 மே 2 அன்று மாலை ஏழு மணியளவில், பகல்முறைத் தொழிலாளர்கள் வீடு திரும்பி, இரவுமுறையினர் வேலையைத் தொடங்கியிருந்த நேரத்தில், ஆலை வெடித்துச் சிதறியது. உள்ளே இருந்த 14 பேரும் இறந்தார்கள். தீயும் வெடிப்பும் அடுத்திருந்த டயமண்ட், ஹம்போல்ட் ஆலைகளுக்குத் தாவின. சுற்றியிருந்த ஆலைகளில் மேலும் 4 பேர் இறந்தார்கள். நகரின் மொத்த அரவைத் திறனில் மூன்றில் ஒரு பங்குக்கும் மேல் அந்த ஒரு மாலையில் அழிந்தது.

மாவு வெடிக்குமா என்று அப்போது பலர் நம்ப மறுத்தார்கள். மின்னசோட்டாப் பல்கலைக்கழகப் பேராசிரியர்கள் பெக்கமும் பெக்கும் மாவுத்தூசியைப் பெட்டிக்குள் காற்றோடு கலந்து பற்றவைத்துச் சோதனைகள் நடத்தி, அது வெடிக்கும் என்று காட்டினார்கள். குவியலாகக் கிடக்கும் மாவு மெல்லப் புகையும்; அதே மாவு மூடிய அறையில் காற்றில் மிதக்கும்போது, ஒவ்வொரு துகளையும் சுற்றி ஆக்சிஜன் இருப்பதால், ஒரு பொறி பட்டாலே தீ கணத்தில் அறை முழுவதும் பாயும். தானியம் வராமல் வெறுமையாக ஓடிய அரவைக்கற்கள் ஒன்றோடொன்று உரசி எழுந்த பொறியே இந்த விபத்துக்குக் காரணம் என்று கருதப்பட்டது. குருணையைத் தூய்மையாக்கக் காற்றை ஊதிய அந்தப் புதிய முறைதான் ஆலைக்குள் தூசியை முன்பைவிடப் பன்மடங்கு பெருக்கியிருந்தது என்பதையும் சேர்த்துச் சொல்ல வேண்டும். புகழ் தந்த வெண்மாவுக்கும் 18 உயிர்களுக்கும் நேரடித் தொடர்பு உண்டு.

இதன் பிறகு தூசியை உறிஞ்சி அகற்றும் கருவிகள் ஆலைகளில் பரவலாயின. அதே இடத்தில் இன்னும் பெரிதாகக் கட்டப்பட்ட ஆலை 1880-இல் ஓடத் தொடங்கியது. இறந்த 18 பேருக்கும் லேக்வுட் கல்லறைத் தோட்டத்தில் ஒரு நினைவுத்தூண் நிற்கிறது.

பில்ஸ்பரி ஆலைக்கும் வாஷ்பர்ன் ஆலைக்கும் என்ன வேறுபாடு?

கரை வேறு, முதலாளி வேறு, போட்டி ஒன்று. சார்லஸ் பில்ஸ்பரி 1869-இல் ஒரு சிறு ஆலையில் பங்கு வாங்கித் தொழிலுக்குள் வந்தவர். கட்டடக்கலைஞர் லெராய் பஃபிங்டனின் வடிவமைப்பில் 1881-இல் திறக்கப்பட்ட ‘பில்ஸ்பரி ஏ’ ஆலை, பல்லாண்டுகள் உலகின் மிகப் பெரிய மாவாலையாக விளங்கியது. இயந்திரங்களின் ஓயாத அதிர்வால் அதன் பருத்த சுண்ணாம்புக்கல் சுவர்கள் பிதுங்கி, பின்னாளில் முட்டுக்கொடுத்து வலுப்படுத்த வேண்டியதாயிற்று. 1889-இல் ஆங்கிலேய முதலீட்டாளர்கள் பில்ஸ்பரி ஆலைகளோடு அருவியின் நீர்விசையையும் சேர்த்தே வாங்கினார்கள். இரு போட்டியாளர்களின் கதை முடிந்த விதமும் சுவையானது: வாஷ்பர்ன் நிறுவனத்திலிருந்து 1928-இல் உருவான ஜெனரல் மில்ஸ், 2001-இல் பில்ஸ்பரியை வாங்கிவிட்டது.

ஆலைகளில் வேலை செய்தவர்கள் யார்?

முதலாளிகள் பெரும்பாலும் நாட்டின் வடகிழக்குப் பகுதியிலிருந்து வந்தவர்கள். தொழிலாளர்களில் ஸ்காண்டினேவியர், ஜெர்மானியர், கிழக்கு ஐரோப்பியர் எனப் பலரும் இருந்தார்கள். அரவையைக் கவனித்த தேர்ந்த ஆலையர்கள் உயர்ந்த கூலி பெற்றார்கள். மூட்டை கட்டியவர்கள், ஏற்றியவர்கள், தூசி கூட்டியவர்கள் நிலை வேறு. சிப்பம் கட்டும் பிரிவுகளில் பெண்கள் வேலை செய்தார்கள். 1903-இல் எட்டு மணிநேர வேலைக்காக நடந்த வேலைநிறுத்தம் தோல்வியில் முடிந்தது.

மாவு மரப்பீப்பாய்களில் சென்ற காலத்தில் பீப்பாய் செய்வோர் ஒரு பெருங்கூட்டமாக இருந்தார்கள். 1870-களில் அவர்கள் முதலாளிகளைச் சாராமல் தாங்களே பங்குதாரர்களாகச் சேர்ந்து கூட்டுறவுப் பட்டறைகளை நடத்தியது, அன்றைய அமெரிக்கத் தொழிலாளர் உலகில் பரவலாகப் பேசப்பட்டது. துணிப்பைகள் வந்தபோது அந்தத் தொழிலே கரைந்துபோனது.

வாழ்விடம் என்று பார்த்தால், ஆற்றின் கீழ்ப்பக்கத்தில், செங்குத்துக் கரையின் அடிவாரத்தில் இருந்த போஹீமியன் ஃபிளாட்ஸ் குடியிருப்பை மறக்கக் கூடாது. ஸ்லோவாக்கியர், செக் மக்கள் முதலான குடியேறிகள் அங்கே வாழ்ந்து ஆலைகளுக்கு வேலைக்குச் சென்றார்கள். வெள்ளக் காலங்களில் தண்ணீர் வீட்டுக்குள் வரும். 1920-களிலும் 1930-களின் தொடக்கத்திலும் சரக்குத் துறைக்காக அவர்கள் வெளியேற்றப்பட்டார்கள். முதலாளிகளின் ஆலைகள் பாதுகாக்கப்பட்டிருக்கும் இடத்திலிருந்து நடந்து செல்லும் தொலைவில், தொழிலாளர் குடியிருப்பின் ஒரு சுவர்கூட மிஞ்சவில்லை.

மாவைத் தவிர வேறு தொழில்கள் இருந்தனவா?

இருந்தன. தொடக்கத்தில் மரம் அறுப்பதே முதன்மைத் தொழில். வடக்கேயிருந்த காடுகளின் மரங்கள் ஆற்றில் மிதந்து வந்தன. நார்த் ஸ்டார் ஆலையின் கம்பளிப் போர்வைகளும் பெயர் பெற்றவை. 1882 செப்டம்பரில் இங்கே இயங்கத் தொடங்கிய சிறு நீர்மின் நிலையம், அமெரிக்காவின் மிகப் பழைய மைய மின்நிலையங்களுள் ஒன்று.

இவ்வளவு பெரிய தொழில் ஏன் வீழ்ந்தது?

ஒரே காரணத்தைச் சொல்ல முடியாது. மின்சாரம் வந்த பிறகு ஆலை அருவியை ஒட்டியே இருக்க வேண்டிய கட்டாயம் மறைந்தது. இரயில் சரக்குக் கட்டணங்கள் மாறியதால், மாவாக அனுப்புவதைவிடக் கோதுமையாக அனுப்பிக் கிழக்கே அரைப்பது ஆதாயமாயிற்று. வட அமெரிக்கப் பேரேரிகளின் நீர்வழியில் அமைந்த பஃபலோ நகருக்குக் கனடாக் கோதுமையும் மலிவாக வந்து சேர்ந்தது. மினியாப்பொலிஸ் நிறுவனங்களே அங்கே ஆலைகள் கட்டின. 1930-இல் பஃபலோ முந்தியது. அந்தக் காலத்திலேயே மேற்குக் கரையில் பல ஆலைகள் இடித்துத் தள்ளப்பட்டன. அருவியைத் தாண்டிப் படகுகளை ஏற்றி இறக்கும் 49 அடி நீர்ப்பூட்டுக்கான பணிகளின்போது, 1960-இல், பழைய கால்வாயும் மண்ணிட்டு மூடப்பட்டது. வாஷ்பர்ன் ‘ஏ’ ஆலை 1965-இல் நின்றது. ‘பில்ஸ்பரி ஏ’ மட்டும் 2003 வரை ஓடியது.

இடிக்கப்படாமல் தப்பியது எப்படி?

நேர்மையாகச் சொன்னால், முதல் காரணம் புறக்கணிப்பு. நகர மையத்தில் இடிப்பதற்கும் கட்டுவதற்கும் பணம் கொட்டிய காலத்தில், ஆற்றங்கரை யாருக்கும் வேண்டாத சரக்கு நிலையமாகவும் சரளைக் கிடங்காகவும் கிடந்தது. 1971-இல் பதிவேட்டில் சேர்த்தது ஒரு சட்டக் காப்பைத் தந்தது. 1988-இல் மாநிலச் சட்டமன்றம் அருவிப் பகுதிக்கென ஒரு பாரம்பரிய வாரியத்தை ஏற்படுத்தியது. 1991 பிப்ரவரியில் வாஷ்பர்ன் ‘ஏ’ ஆலை தீப்பிடித்து உள்ளே முழுவதும் எரிந்தது. இடித்துவிடுவதே எளிய வழியாக இருந்திருக்கும். நகராட்சி எஞ்சிய சுவர்களுக்கு முட்டுக்கொடுத்து நிறுத்தியது. மின்னசோட்டா வரலாற்றுக் கழகம் அந்தச் சுவர்களுக்குள் புதிய கட்டடத்தைப் பொருத்தி, 2003-இல் மில் சிட்டி அருங்காட்சியகத்தைத் திறந்தது.

இதில் எடுத்த முடிவு பாராட்டுக்குரியது: எரிந்ததை எரியாதது போல மீண்டும் கட்டவில்லை. கரிந்த கல், சிதைந்த சன்னல், கூரையற்ற முற்றம் அனைத்தும் அப்படியே இருக்கின்றன. இதற்கு முன்பே, 2001-இல், மண்ணில் புதைந்திருந்த வடிகால்களையும் அடித்தளங்களையும் அகழ்ந்து ‘மில் ரூயின்ஸ் பூங்கா’ திறக்கப்பட்டிருந்தது. இரயில் தொழிலதிபர் ஜேம்ஸ் ஹில்லின் இரயில்பாதைக்காக 1883-இல் கட்டப்பட்ட கல்வளைவுப் பாலம் 1994 முதல் நடப்பவர்களுக்கும் மிதிவண்டிகளுக்கும் உரியது. ஜான் நூவெல் வடிவமைத்த கத்ரி நாடக அரங்கு 2006-இல் வந்தபின் வட்டாரத்தின் விலைமதிப்பு வெகுவாக ஏறியது. நார்த் ஸ்டார் முதலிய பழைய கட்டடங்கள் வசதியானவர்களின் அடுக்ககங்களாகிவிட்டன. ‘பில்ஸ்பரி ஏ’ ஆலை மட்டும் சற்று வேறு வழியில் சென்று, கலைஞர்களுக்கான வாடகைக் குடியிருப்பாக மாறியது. அதன் பழைய நீர்ச்சுரங்கத்தில் மீண்டும் டர்பைன் பொருத்தி மின்சாரமும் எடுக்கிறார்கள்.

டகோட்டா மக்களின் பங்கு இந்தப் பாதுகாப்பில் இடம்பெற்றிருக்கிறதா?

நீண்ட காலம் இடம்பெறவில்லை. ஆவித்தீவு கல்லுக்காக வெட்டப்பட்டுச் சிறுத்து, நீர்ப்பூட்டுப் பணியின்போது எஞ்சியதும் அகற்றப்பட்டது. ஆலைச் சுவருக்குக் கிடைத்த காப்பு அந்தத் தீவுக்குக் கிடைக்கவில்லை. 1971-இல் பதிவேட்டில் சேர்க்கப்பட்டபோது காப்பதற்குத் தீவே இல்லை. அயல் கெண்டை மீன்கள் மேலாற்றுக்குப் பரவுவதைத் தடுக்க 2015 ஜூனில் நீர்ப்பூட்டு மூடப்பட்ட பிறகு, அந்தக் கரை நிலத்தை என்ன செய்வது என்ற கேள்வி எழுந்தது. டகோட்டாத் தலைமையில் இயங்கும் ஓர் அமைப்பு அங்கே இயற்கைச் சூழலையும் தங்கள் மக்களுக்கு ஆற்றோடுள்ள தொடர்பையும் மீட்டெடுக்க முனைந்துள்ளது. அறிவிப்புப் பலகைகளில் ஓவாம்னியோம்னி என்ற பெயரும் இப்போது தென்படத் தொடங்கியிருக்கிறது.

ஒரு நாளில் பார்க்க வேண்டுமானால் எங்கிருந்து தொடங்குவது?

அருங்காட்சியகத்திலிருந்து. அங்கே சரக்குத் தூக்கி ஒன்றில் உட்காரவைத்து மாடி மாடியாக ஏற்றி ஆலை வாழ்க்கையை ஒலி, ஒளியோடு காட்டுகிறார்கள். கொஞ்சம் நாடகத்தனமாக இருந்தாலும், மேலே சென்று இறங்கும்போது கிடைக்கும் அருவிக் காட்சிக்காகவே அதில் ஏறலாம். பிறகு கீழே இறங்கி, மில் ரூயின்ஸ் பூங்காவில் வடிகால் வாய்களைப் பார்த்துவிட்டு, கல்வளைவுப் பாலத்தின் வழியே மறுகரைக்குப் போக வேண்டும். நீர்ப்பூட்டுக்கு வழிவிடுவதற்காகப் பாலத்தின் இரண்டு கல்வளைவுகளை எடுத்துவிட்டு இரும்புச் சட்டகம் வைத்திருப்பதைப் பலர் கவனிக்காமலே கடந்துவிடுகிறார்கள். மறுகரையில் மெயின் தெருவில் கற்கள் பாவிய சாலையும் பில்ஸ்பரி ஆலையும் இருக்கின்றன. குளிர்காலத்தில் பாலத்தின் மேல் அடிக்கும் காற்று தாங்க முடியாதது. மே முதல் அக்டோபர் வரை செல்வது நல்லது.